ஸ்டிக்கர், டேப் பசையைப் பரப்பு கெடாமல் எடுப்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

புது எவர்சில்வர் டப்பாவில் ஒட்டியிருக்கும் விலைச் சீட்டைக் கிழித்தால் பாதிக் காகிதம் கையோடு வரும், மீதி அங்கேயே நின்றுவிடும். நின்றதைக் கம்பிநாரால் தேய்த்தால் காகிதம் போகும், பசை போகாது. அதில் தூசியும் அடுப்படிப் பிசுக்கும் படிந்து சில நாளில் கறுத்த வட்டமாகிவிடும். சுற்றிலும் கம்பிநார் போட்ட கீறல்கள் வேறு. பசையை என்றைக்கும் எடுத்துவிடலாம், கீறலை எடுக்க முடியாது. கண்ணாடிக்கு மேல் அசிட்டோன் ஊற்றி ஓரத்து ரசம் கறுத்துப்போவது, மிக்சி மூடியில் தின்னர் பட்டு வெளுத்து விரிசல் விடுவது எல்லாம் இந்த வகை நஷ்டம்தான்.

ஆகவே இரண்டு விஷயங்களை முதலிலேயே சொல்லிவிடலாம். பசையை ஊறவிட்டு எடுக்க வேண்டும், பலம் கொடுத்துத் தேய்க்கக் கூடாது. எதில் ஊறவிடுவது என்று முடிவெடுக்கும்போது பசை எவ்வளவு பிடிவாதமானது என்பதற்கு முன்னால், அதன் கீழே இருக்கும் பரப்பு எதைத் தாங்கும் என்று பார்க்க வேண்டும்.

பசை ஏன் இப்படிப் பிடித்துக்கொள்கிறது?

ஸ்டிக்கர், பேக்கிங் டேப், ஒட்டுப்பொட்டு, கொசுவலை வெல்க்ரோ எல்லாவற்றின் பின்னாலும் இருப்பது கடைசிவரை காய்ந்து இறுகாத பசை. ரப்பரும் பிசினும் கலந்த ஒரு வகை, அக்ரிலிக் இன்னொரு வகை. இரண்டுமே கெட்டிப்பாகு போன்ற நிலையில் இருப்பதால்தான் அழுத்தியவுடன் பரப்பின் நுண்ணிய மேடுபள்ளங்களுக்குள் பாய்ந்து பிடித்துக்கொள்கின்றன. சூடு பட்டால் இளகும், குளிர்ந்தால் விறைக்கும். எண்ணெயை உறிஞ்சி உப்பும்போது பிடி தளரும். தண்ணீரை மட்டும் உள்ளே விடாது. சோப்பு போட்டு எவ்வளவு தேய்த்தாலும் சிறு உருண்டைகளாகத் திரண்டு இடம் மாறுகிறதே தவிர போகாததற்குக் காரணம் இதுதான்.

வயதும் முக்கியம். ஒட்டிச் சில நாளே ஆன பசை விரலில் இழுபடும். சூடு மட்டும் காட்டினாலே வந்துவிடும். மேற்குப் பார்த்த சன்னலில் இரண்டு கோடை கண்ட பசையோ வெயிலிலும் காற்றிலும் மாறிப் பழுப்பாகி, சில இடங்களில் பொருக்காகவே ஆகியிருக்கும். அதைச் சூட்டால் இளக்குவது கடினம். எண்ணெயோ தைலமோ நெடுநேரம் ஊறித்தான் தளர வேண்டும். விரல் நுனியால் அழுத்திப் பாருங்கள். ஒட்டினால் புதுசு, ஒட்டாமல் நகத்துக்கு மட்டும் உதிர்ந்தால் முதிர்ந்தது. இதை வைத்து எவ்வளவு நேரம் ஒதுக்க வேண்டும் என்று கணக்குப் போட்டுக்கொள்ளலாம்.

ஃபெவிகால், ஃபெவிக்விக், எம்-சீல் போன்றவை வேறு இனம். அவற்றைக் கடைசியில் பார்ப்போம்.

எதை வைத்து எடுப்பது?

ஹேர் ட்ரையர். பரப்பில் எதையும் பூசாமல் வேலை முடிவதால் முதலில் கை போக வேண்டியது இதன் மேல்தான். 10 முதல் 15 செ.மீ. தள்ளிப் பிடித்து, ஓரிடத்தில் நிறுத்தாமல் அசைத்துக்கொண்டே 30 முதல் 60 விநாடி காட்டினால் போதும். தொட்டால் இளஞ்சூடாக இருக்க வேண்டும். அதற்கு மேல் சூடானால் பசை நூல் நூலாக இழுபட்டுப் பாதி ஸ்டிக்கரிலும் பாதி பரப்பிலும் தங்கிவிடும். நூல் இழுக்கிறது என்றால் கொஞ்சம் ஆறவிட்டுப் பிறகு உரியுங்கள்.

சமையல் எண்ணெய். தேங்காய் எண்ணெய், கடலை எண்ணெய், சூரியகாந்தி எண்ணெய் எதுவானாலும் வேலை ஒன்றுதான். மெதுவாகச் செய்யும், ஆனால் பெரும்பாலான பரப்புகளைக் கெடுக்காது. சாப்பாட்டுப் பாத்திரங்களுக்கு இதுவே சரி.

நீலகிரித் தைலம், அதாவது யூகலிப்டஸ் தைலம். வீட்டில் பசை எடுக்க ஒரே ஒரு பொருள் வைத்துக்கொள்ளலாம் என்றால் இதைத்தான் சொல்ல வேண்டும். இதில் பெரும்பங்கு சினியோல் என்ற சேர்மம். ரப்பர்ப் பசையை அது சில நிமிடங்களில் குழைத்துவிடும். மருந்துக் கடையிலேயே கிடைக்கும். வலி நிவாரண பாம் இதற்கு உதவாது, சுத்தமான தைலம் வேண்டும். இது எளிதில் தீப்பிடிக்கும். குழந்தை ஒரு வாய் விழுங்கினாலும் ஆபத்து. வேலை நடக்கும்போது புட்டியை மூடியே வையுங்கள்.

ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் அல்லது ஆல்கஹால் சானிடைசர். அக்ரிலிக் பசைக்கும், எண்ணெய் வைத்து எடுத்த பின் கடைசியாகத் துடைக்கவும் நல்லது. கெட்டியான பசையை இது மட்டும் வைத்து எடுக்கப் பார்த்தால் பசை இளகுவதற்குள் ஆவியாகிவிடும்.

டர்பன்டைன். ஹார்டுவேர் கடையில் பெயிண்ட் கலக்கத் தருவது. மரச் சட்டத்திலும் இரும்பிலும் முதிர்ந்த பசைக்கு நன்றாக வேலை செய்யும். துரு தளர்த்தும் ஸ்ப்ரேயான டபிள்யூடி-40 இருந்தால் அதுவும் ஏறக்குறைய இந்த வேலையைச் செய்யும். அதிலுள்ள எண்ணெயைப் பிறகு கழுவி எடுக்க வேண்டும்.

அசிட்டோன், தின்னர். கண்ணாடி, வெறும் உலோகம், மெருகேற்றிய டைல்ஸ் ஓடு, கிரானைட், மார்பிள் போன்ற கல் ஆகிய நான்கில் மட்டும். மற்ற பெரும்பாலான இடங்களில் பசைக்கு முன்னால் பரப்பு கரையும். நெயில் பாலிஷ் ரிமூவரை அசிட்டோனுக்குப் பதிலாகப் பயன்படுத்துவதானால் நிறமும் எண்ணெயும் சேர்க்காததாகப் பாருங்கள். நிறம் சேர்த்தது வெள்ளைப் பரப்பில் கறை விடலாம்.

வினிகரும் எலுமிச்சைச் சாறும் எல்லா இடத்திலும் சிபாரிசு செய்யப்படுகின்றன. காகிதப் பசை, ஃபெவிகால் போன்ற நீர்ப்பசைகளுக்கு அவை ஓரளவு உதவும். ஸ்டிக்கர் பசைக்கு ஏறக்குறைய வெறும் தண்ணீர்தான். எலுமிச்சைத் தோலை மடித்துப் பிழிந்தால் தெறிக்கும் எண்ணெய் பசையைக் கரைக்கும், சாறு கரைக்காது.

சுரண்டுவதற்குக் காலாவதியான ஏ.டி.எம். கார்டு போதும். துடைக்கப் பழைய பனியன் துணி. பச்சை நிற ஸ்க்ரப்பரில் உராய்வுத் துகள் இருப்பதால் கண்ணாடி ஆனாலும் பிளாஸ்டிக் ஆனாலும் அதைத் தள்ளி வையுங்கள்.

அடிப்படை முறை

1. கண்ணில் படாத மூலையில் ஒரு சொட்டு வைத்து 5 நிமிடம் பாருங்கள். வெள்ளைத் துணியால் ஒற்றும்போது நிறம் ஏறினாலோ, பரப்பு மங்கினாலோ, விரலில் பிசுபிசுத்தாலோ அந்தத் திரவம் அங்கே கூடாது.

2. ஸ்டிக்கர் இன்னும் முழுதாக இருந்தால் சூடு காட்டி ஒரு மூலையைக் கிளப்புங்கள். மேல்நோக்கித் தூக்காமல் பின்பக்கமாக மடித்து, பரப்பை ஒட்டினாற்போல் ஒரே சீராக இழுங்கள். வெடுக்கென்று இழுத்தால் காகிதம் கிழிந்து பாதி தங்கும்.

3. காகிதம் கிழிந்து தங்கிவிட்டால் முதலில் வெந்நீரில் நனைத்த துணியை 10 நிமிடம் போட்டுக் காகிதத்தை மட்டும் தேய்த்து எடுங்கள். பிளாஸ்டிக் பூச்சுள்ள சீட்டானால் மேல் தோலைக் கார்டு முனையால் கீறிவிட்டு நனையுங்கள். பசை வெளியே தெரிந்தால்தான் எண்ணெய் அதற்குள் இறங்கும். காகிதத்தின் மேல் எண்ணெய் பூசினால் நேரம் இரட்டிப்பாகும்.

4. புதுப் பசையாக இருந்தால், திரவத்துக்குப் போகும் முன், பேக்கிங் டேப்பில் ஒரு துண்டை அதன் மேல் அழுத்தி ஒட்டிப் படக்கென்று எடுத்துப் பாருங்கள். பசை பசையோடு ஒட்டிக்கொண்டு வரும். நாலைந்து முறையில் பாதிக்கு மேல் போய்விடும். உரியும் பெயிண்டிலும் காகிதத்திலும் மட்டும் இதைச் செய்யாதீர்கள்.

5. மீதிக்கு, பரப்புக்கு ஏற்ற திரவத்தைப் பஞ்சில் அல்லது டிஷ்யூவில் நனைத்துப் பசை மேல் படிய வையுங்கள். உள்ளங்கை அகல இடத்துக்குத் தைலம் அரை டீஸ்பூன், எண்ணெய் ஒரு டீஸ்பூன் சரியாக இருக்கும். தைலம் என்றால் மேலே ஒரு பாலிதீன் துண்டைப் போட்டு மூடுங்கள். மூடாவிட்டால் பாதி காற்றில் போய்விடும். தைலத்துக்கு 5 முதல் 10 நிமிடம், எண்ணெய்க்கு 30 நிமிடம். முதிர்ந்த பசைக்கு இரண்டையும் இரட்டிப்பாக்குங்கள்.

6. கார்டால் ஒரே திசையில் தள்ளுங்கள். பசை சுருண்டு வந்தால் ஊறிவிட்டது. கார்டு மட்டும் வழுக்கிக்கொண்டு போய்ப் பசை நகராமல் இருந்தால் இன்னும் ஊற வேண்டும். இந்த இடத்தில்தான் எல்லோரும் பொறுமை இழந்து கத்தியை எடுக்கிறார்கள்.

7. பாத்திரம் கழுவும் திரவம் இரண்டு சொட்டு கலந்த வெதுவெதுப்பான தண்ணீரில் துடைத்து, நல்ல தண்ணீரில் மறுபடி துடைத்து, உலர்த்துங்கள். எண்ணெய்ப் படலம் மிஞ்சினால் அங்கே தூசி சேரும், அடுத்து ஒட்டும் கொக்கியும் நிற்காது. அதே இடத்தில் திரும்ப எதையாவது ஒட்டப்போகிறீர்கள் என்றால், பரப்பு தாங்கும்பட்சத்தில் கடைசியாக ஆல்கஹாலில் ஒரு முறை துடையுங்கள்.

தீ பற்றி

சமையல் எண்ணெய், சோப்பு நீர், வினிகர், எலுமிச்சைச் சாறு தவிர மேலே சொன்ன திரவங்கள் எல்லாம் எளிதில் தீப்பிடிப்பவை. அசிட்டோனும் தின்னரும் சாதாரண அறை வெப்பத்திலேயே பற்றக்கூடிய ஆவியை விடும். அந்த ஆவி காற்றைவிடக் கனமானது. தரையோடு பரவி எட்ட இருக்கும் தீயைத் தொடும். அடுப்பு, பூஜை விளக்கு, ஊதுபத்தி, கொசுவர்த்தி எல்லாவற்றையும் அணைத்துவிட்டுச் சன்னலைத் திறந்து வையுங்கள். இவற்றைப் பூசிய இடத்தில் ஹேர் ட்ரையர் காட்டவே கூடாது. சூடு முதலில், திரவம் பிறகு. இந்த வரிசையை மாற்றாதீர்கள். பிளீச்சிங் திரவத்தோடு ஆல்கஹால், அசிட்டோன், வினிகர் எதையும் சேர்க்கக் கூடாது, நச்சு வாயு வரும். பெட்ரோலில் துணி நனைத்துப் பசை துடைக்கும் வழக்கம் இன்னும் பல வீடுகளில் இருக்கிறது. அதைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள்.

எவர்சில்வர், அலுமினியம், நான்ஸ்டிக்

எவர்சில்வர் பாத்திரத்தின் வெளிப்பக்கம் சீட்டு இருந்தால் உள்ளே கொதிநீர் ஊற்றி 3 நிமிடம் விடுங்கள். உலோகம் சூட்டைப் பசைக்குக் கடத்தும். மூலையைக் கிளப்பினால் முழுதாக உரிந்து வரும். பாத்திரம் கை சுடும், துணியால் பிடித்துக்கொள்ளுங்கள். வெறும் பாத்திரத்தை அடுப்புத் தீயில் காட்டும் பழக்கம் நல்லதல்ல: சில விநாடி கூடினாலும் காகிதம் கருகி, பசை பழுப்புப் படலமாகப் பொரிந்துவிடும். அதன் பிறகு எடுப்பது பல மடங்கு சிரமம். வெற்றிடச் சுவருள்ள பிளாஸ்க்குக்கு வெந்நீர் வழி பலிக்காது, உள்சூடு வெளியே வராது. அதற்கு ஹேர் ட்ரையர்.

மிச்சப் பசைக்கு எண்ணெயும் சமையல் சோடாவும் ஆளுக்கு ஒரு டீஸ்பூன் குழைத்துப் பூசி 20 நிமிடம் கழித்துத் துணியால் துடைக்கலாம். பளபளக்காத மங்கிய மெருகுள்ள எவர்சில்வரில் நுண்ணிய கோடுகள் ஒரே திசையில் ஓடும். அந்தத் திசையிலேயே துடையுங்கள், குறுக்கே போனால் கண்ணுக்குத் தெரியும். அலுமினியத்தில் வாஷிங் சோடா படக்கூடாது, கறுக்கும். நான்ஸ்டிக் தவாவின் உட்பக்கத்துச் சீட்டுக்கு எண்ணெயும் மென்மையான ஸ்பாஞ்சும் மட்டும். சோடாவும் வேண்டாம், வெறும் தவாவைச் சூடாக்கவும் வேண்டாம்.

கண்ணாடிப் புட்டி, சன்னல், முகக்கண்ணாடி

பழைய ஊறுகாய்ப் புட்டிகளை ஒரு பக்கெட்டில் கை பொறுக்கும் சூட்டு நீரில் 30 நிமிடம் மூழ்க வையுங்கள். 5 லிட்டருக்கு 2 மேஜைக்கரண்டி வாஷிங் சோடா. நீர்ப்பசையில் ஒட்டிய லேபிள் தானாகவே கழன்று மிதக்கும். மிதக்காமல் நின்றால் ஸ்டிக்கர் பசை, அதற்குத் தைலம் அல்லது அசிட்டோன். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த புட்டியில் உடனே கொதிநீர் ஊற்றினால் விரிசல் விடும்.

சன்னல் கண்ணாடியில் பிளேடு ஸ்க்ரேப்பர் பயன்படுத்தலாம். சோப்பு நீரால் நன்றாக நனைத்து, பிளேடைச் சாய்வாகப் படுக்க வைத்து, முன்னோக்கி மட்டும் தள்ளுங்கள். பின்னுக்கு இழுத்தால் பிளேடின் அடியில் மாட்டிய மண் துகள் கோடு கிழித்துவிடும். கண்ணாடி அடுப்பு மேடை, ஃபிரிட்ஜ் தட்டு, குளியலறைக் கண்ணாடிக் கதவு ஆகியவை பதப்படுத்திய கண்ணாடி. அவற்றின் மேற்பரப்பில் ஒட்டிய நுண்துகள்கள் பிளேடில் பெயர்ந்து கீறும் என்பதால் அங்கே பிளேடு வேண்டாம். காரின் பின்கண்ணாடியில் உட்பக்கம் ஓடும் பனி நீக்கிக் கம்பிகளும் பிளேடு பட்டால் அறுந்துவிடும்.

முகக்கண்ணாடியில் வரிசையாக ஒட்டிய பொட்டுகளின் பசை இன்னொரு விஷயம். கண்ணாடி எதையும் தாங்கும், பின்னால் இருக்கும் வெள்ளிப் பூச்சு தாங்காது. திரவம் வழிந்து கீழ் ஓரத்தில் தேங்கினால் சட்டத்துக்குள் புகுந்து பூச்சை அரிக்கும். சில மாதங்களில் கறுப்புத் திட்டுகள் தெரியும். கண்ணாடியில் தெளிக்காமல் துணியில் சில சொட்டு விட்டு, பொட்டு ஒட்டிய இடத்தில் மட்டும் வைத்து, இரண்டு நிமிடம் பிடித்துத் துடையுங்கள்.

பிளாஸ்டிக்: இங்கேதான் கவனம் வேண்டும்

பொருளின் அடியில் முக்கோணத்துக்குள் இருக்கும் எண்ணைப் பாருங்கள். 2, 5 என்றால் பாலிஎதிலீன், பாலிபுரொப்பிலீன். பக்கெட், நாற்காலி, பெரும்பாலான டிபன் டப்பாக்கள். இவை தைலம், ஆல்கஹால், சிறிது நேர அசிட்டோன் எல்லாம் தாங்கும். ஆனால் தைல வாசனை பிளாஸ்டிக்குள் இறங்கித் தங்கும். சாப்பாட்டு டப்பாவானால் எண்ணெயோடு நிறுத்துங்கள். 6 பாலிஸ்டைரீன். அசிட்டோன், தின்னர், தைலம் மூன்றுமே அதை உருக்கிவிடும். 7 என்பது பலவற்றின் தொகுப்பு. பாலிகார்பனேட் என்று வைத்துக்கொண்டே கை வையுங்கள். எண்ணே இல்லாவிட்டாலும் அப்படித்தான். மிக்சி ஜாரின் ஒளி ஊடுருவும் மூடி, வாட்டர் பியூரிஃபையர் உடம்பு, சுவிட்ச் போர்டு, அக்ரிலிக் தட்டு எல்லாவற்றுக்கும் இளஞ்சூடு, சோப்பு நீர், எண்ணெய் ஆகியவை மட்டும். ஆல்கஹால் பட்ட அக்ரிலிக்கில் உடனே ஒன்றும் தெரியாது, பிறகு நூல் நூலாக விரிசல் ஓடும்.

ஃபிரிட்ஜின் வெளிக்கதவில் இருக்கும் நட்சத்திர லேபிளை ஹேர் ட்ரையர் காட்டி உரித்து, மிச்சத்தைத் தைலத்தால் ஒற்றி எடுக்கலாம். அச்சிட்ட எழுத்துகள் மேல் படாமல் பாருங்கள். உட்சுவர் அப்படியல்ல. அது பெரும்பாலும் ஸ்டைரீன் வகைப் பிளாஸ்டிக். சமையல் எண்ணெய்கூட நெடுநேரம் தங்கினால் அந்த வகையில் விரிசல் உண்டாகலாம். அங்கே வெதுவெதுப்பான சோப்புத் துணியை 10 நிமிடம் வைத்து விரலால் உருட்டி எடுங்கள். நேரமாகும், பரவாயில்லை.

ஹெல்மெட்டில் ஒட்டிய ஸ்டிக்கருக்குப் பெட்ரோல், தின்னர், அசிட்டோன் எதையும் தொடவே கூடாது. ஓடு வெளியே பளபளவென்று இருந்தபடியே உள்ளுக்குள் பலமிழக்கலாம். அது தெரியவருவது விழும்போதுதான்.

மரம், சுவர், கல்

தேக்குக் கதவிலும் ஊஞ்சல் பலகையிலும் பழைய பிரெஞ்சு பாலிஷ் என்றால் சானிடைசர் படக் கூடாது. அந்தப் பாலிஷே அரக்கை ஆல்கஹாலில் கரைத்துப் பூசியது. ஆல்கஹால் பட்டால் திரும்பவும் கரையும். துணியில் டர்பன்டைன் சில சொட்டு விட்டு லேசாக ஒற்றுங்கள். பாலிஷ் இல்லாத மரம் எண்ணெயைக் குடித்துக் கறையாகும். இளஞ்சூடும் பென்சில் ரப்பரும் போதும். சன்மைகா கெட்டியானது, எதையும் சற்று நேரம் தாங்கும். ஓரத்து இணைப்பில் மட்டும் ஈரம் இறங்கவிடாதீர்கள், உள்ளே பலகை உப்பும்.

சுவரில் எமல்ஷன் பெயிண்ட் என்றால் ஹேர் ட்ரையர் 30 விநாடி, பரப்பை ஒட்டியபடி மெல்ல உரித்தல், மிச்சத்தைப் பென்சில் ரப்பரால் உருட்டல், கடைசியாகச் சோப்பு நீர் ஒற்றிய ஸ்பாஞ்சு. எண்ணெய் பூசினால் கறை விழும். டிஸ்டெம்பர் சுவர் தண்ணீரும் தாங்காது. சூடும் ரப்பரும் பலிக்காவிட்டால், முகப்பவுடரை ஒற்றிப் பிசுபிசுப்பை அடக்கி அடுத்த வெள்ளையடிப்பு வரை விடலாம். ஆனால் பசைக்கு மேலேயே பெயிண்ட் அடிக்காதீர்கள். அந்த இடத்தில் பெயிண்ட் பிடிக்காது, பிடித்தாலும் உரியும்.

மார்பிள், கடப்பாக் கல், மொசைக் மூன்றிலும் சுண்ணாம்பு உண்டு. வினிகர், எலுமிச்சை பட்டால் மெருகு அரித்து மங்கிய தடம் விழும். எண்ணெயும் கல்லுக்குள் இறங்கிக் கருமையாகத் தெரியும். இவற்றுக்கு அசிட்டோனைத் துணியில் எடுத்துத் துடைப்பதே சுத்தமான வழி. ஏற்கெனவே எண்ணெய்க் கறை விழுந்திருந்தால் சமையல் சோடாவை அசிட்டோனில் குழைத்து அரை செ.மீ. தடிமனுக்கு அப்பி, பாலிதீனால் மூடி ஒரு நாள் விட்டு, பிறகு திறந்து காயவைத்துச் சுரண்டுங்கள். ஒரு முறையில் முழுதும் போகாது, இரண்டாவது முறை தேவைப்படும்.

துணி

உறைபெட்டியில் 30 நிமிடம் வைத்து, விறைத்த பசையைக் கரண்டி முனையால் சுரண்டுங்கள். பசை உள்ள பக்கத்தைக் கீழே டிஷ்யூ மேல் கவிழ்த்து, பின்பக்கத்திலிருந்து தைலம் 5 சொட்டு விட்டு ஒற்றினால் பசை டிஷ்யூவுக்கு இறங்கும். பாத்திரத் திரவம் தேய்த்து, வழக்கம்போல் துவைக்கலாம். பசை முழுதாகப் போகும் வரை இஸ்திரி போட்டால் நூலுக்குள் உருகி நிரந்தரமாகும். பட்டுக்கும் ஜரிகைக்கும் வீட்டில் கை வைக்க வேண்டாம், டிரை கிளீனிங்கில் இடத்தைக் காட்டிக் கொடுங்கள்.

கொசுவலை வெல்க்ரோ

வீட்டில் மிகப் பிடிவாதமான பசை இதுதான். சட்டம் முழுக்க இரண்டு செ.மீ. அகலத்தில் ஓடுகிறது, வெயில் படுகிறது, வலையைக் கழற்றும்போதெல்லாம் பட்டையின் முனை சற்றே எழும்பித் தூசி உள்ளே போகிறது. பட்டையை இழுத்தால் துணி மட்டும் கையோடு வரும். பழுப்பு நிறப் பசை சட்டத்தில் அப்படியே இருக்கும். ஒரே நாளில் எல்லாச் சன்னலையும் முடிக்க நினைக்காதீர்கள், ஒரு சன்னலுக்கு ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள்.

வெயில் நேராகப் படும்போதே பட்டையை உரிப்பது நல்லது, பாதிச் சூட்டை வெயிலே கொடுத்துவிடும். அரை அடி நீளத்துக்கு ட்ரையர் காட்டி உரித்து, அடுத்த அரை அடிக்குப் போங்கள். பிறகு சட்டம் ஆறும் வரை விடுங்கள். டிஷ்யூவைப் பட்டை அகலத்துக்கு மடித்துச் சட்டத்தில் வைத்து, எனாமல் பூசிய மரத்துக்கும் பவுடர் பூச்சு அலுமினியத்துக்கும் தைலம் நனையுங்கள், யூ.பி.வி.சி. எனப்படும் கெட்டிப் பிளாஸ்டிக் சட்டத்துக்குச் சமையல் எண்ணெய். மேலே பாலிதீன் துண்டை வைத்து நாலு இடத்தில் டேப் போடுங்கள், செங்குத்துப் பரப்பில் அது இல்லாமல் நிற்காது. தைலமானால் 15 நிமிடம், எண்ணெயானால் ஒரு மணி நேரம். எனாமலில் மட்டும் 5 நிமிடத்துக்கு ஒரு முறை திறந்து பாருங்கள். பழைய எனாமல் சில இடங்களில் மென்மையாகி நகக்கோடு விழும். அப்படித் தெரிந்தால் உடனே துடைத்துவிட்டு எண்ணெய்க்கு மாறுங்கள். ஊறிய பசை கார்டின் முன்னால் பழுப்புச் சுருளாகத் திரண்டு வரும். சுருளை அவ்வப்போது காகிதத்தில் துடைத்து எடுங்கள், இல்லாவிட்டால் சுத்தமான இடத்திலேயே திரும்ப ஒட்டும். யூ.பி.வி.சி.யில் அசிட்டோனும் தின்னரும் மெருகைக் கரைத்துத் தூசி பிடிக்கும் பரப்பாக்கிவிடும்.

புதுச் சன்னல் சட்டங்களில் வரும் பாதுகாப்புப் பிளாஸ்டிக் தாளும் இதே கதைதான். பொருத்தும் வேலை முடிந்ததுமே உரித்துவிட வேண்டும். கீறல் விழாமல் இருக்கட்டும் என்று விட்டுவைத்தால் வெயிலில் தாள் பொடிப்பொடியாகி, பசை சட்டத்தோடு ஒன்றிவிடும்.

இரட்டைப் பக்க ஃபோம் டேப், எலி கம்

ஃபோம் டேப்பில் ஒட்டிய கொக்கியை நெம்பினால் ஓடோ பெயிண்டோ பெயர்ந்துவிடும். ட்ரையர் ஒரு நிமிடம் காட்டி, தூண்டில் நரம்பை அல்லது பல் இடுக்கு நூலைக் கொக்கியின் பின்னால் விட்டு ரம்பம்போல் இருபக்கமும் இழுத்து அறுங்கள். மிச்ச ஃபோமைக் கட்டைவிரலால் உருட்டி எடுத்த பிறகு தைலம்.

எலி பிடிக்கும் கம் அட்டை தரையில் கவிழ்ந்துவிட்டால் முதலில் மைதா மாவையோ பவுடரையோ தாராளமாகத் தூவி ஒட்டும் தன்மையை அடக்குங்கள். கார்டால் வழித்துக் காகிதத்தில் கட்டி எறிந்து, மீதிக்கு எண்ணெய் ஊற்றி 15 நிமிடம் விட்டுச் சோப்பு நீரால் துடையுங்கள். தரை கல்லாக இருந்தால் எண்ணெய்க்குப் பதில் அசிட்டோன். கையிலோ காலிலோ ஒட்டினால் தேங்காய் எண்ணெய். பூனையோ அணிலோ மாட்டியிருந்தாலும் எண்ணெய் மட்டும்தான், மண்ணெண்ணெயும் தைலமும் அதற்கு நஞ்சு.

ஃபெவிகால், ஃபெவிக்விக், எம்-சீல்

வெள்ளை ஃபெவிகால் காய்ந்த இடத்தில் வெந்நீர்த் துணியை 30 நிமிடம் போட்டால் திரும்ப வெளுத்து மெத்தென்று ஆகும், அப்போது சுரண்டலாம். நீர் தாங்கும் மரைன் வகைக்கு இது பலிக்காது. செருப்புக்கும் ரெக்சினுக்கும் ஒட்டும் மஞ்சள் ரப்பர்ப் பசை தின்னரில்தான் கரையும். பரப்பு தின்னர் தாங்காததானால் எண்ணெய் தடவி ஊறவிட்டு விரலால் உருட்டுங்கள்.

ஃபெவிக்விக் கரைவது அசிட்டோனில். பஞ்சில் நனைத்து 5 நிமிடம் வைத்துச் சுரண்டி, திரும்ப வையுங்கள். பிளாஸ்டிக்கில் விழுந்தது என்றால் பெரும்பாலும் எடுக்க வழியில்லை, அந்தப் பிளாஸ்டிக்கும் அசிட்டோனில் கரையும். ஈரமாகச் சிந்தியதைப் பஞ்சாலோ பருத்தித் துணியாலோ துடைக்காதீர்கள். பருத்தியோடு வேகமாக வினைபுரிந்து தோலைச் சுடும் அளவுக்கு வெப்பம் வரும். விரல்கள் ஒட்டிக்கொண்டால் பிய்க்காமல் வெதுவெதுப்பான சோப்பு நீரில் வைத்து மெல்ல உருட்டிப் பிரியுங்கள். கண்ணிலோ இமையிலோ பட்டால் அசிட்டோன் எதுவும் போடாமல் தண்ணீரில் கழுவியபடி மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

எம்-சீல் இறுகிய பின் இந்தத் திரவங்கள் எதற்கும் இளகாது, உளியால் பெயர்ப்பதுதான். சிலிக்கான் சீலன்ட்டும் அப்படியே: பிளேடால் இரு ஓரமும் அறுத்து இழுத்து எடுக்க வேண்டும்.

பழைய டி.வி. ரிமோட்டும் டார்ச் கைப்பிடியும் தானாகவே பிசுபிசுப்பது ஒட்டிய பசை அல்ல. மென்மைக்காகப் பூசிய ரப்பர்ப் பூச்சு ஈரக்காற்றில் சிதைந்து அப்படி ஆகிறது. பேட்டரியை எடுத்துவிட்டு ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலால் அந்தப் பூச்சு முழுவதையும் துடைத்து எடுத்தால் அடியில் கெட்டிப் பிளாஸ்டிக் வரும். எழுத்துகள் அழியலாம், அதனால் பொத்தான்களை விட்டுவிட்டு உடம்பை மட்டும் துடையுங்கள்.